டிராக் டியூபோடு வீடு திரும்பும் குறைமாதக் குழந்தை: சுவரில் ஒட்டும் தாளில் என்ன எழுதலாம்?

#1 கிராமச்செவிலி

காரைக்குடிக்குப் பக்கத்து ஊருக்கு அடுத்த வாரம் ஒரு குழந்தை டிஸ்சார்ஜ் ஆகி வருகிறது. 27 வாரத்தில் பிறந்த பிள்ளை. இப்போது 5 மாதம், எடை 3.6 கிலோ. வென்டிலேட்டரில் நீண்ட நாள் இருந்ததால் குரல்வளைக்குக் கீழே சுருக்கம், கிரேடு 3. நுரையீரலும் முழுதாகத் தேறவில்லை. நிமிடத்துக்கு அரை லிட்டர் ஆக்சிஜன் போகிறது. கழுத்தில் துளையிட்டு மூச்சுக்குழாய்க்குள் வைத்த டிராக் டியூப்: 3.0 நியோநேட்டல் ஷைலி, கஃப் (உள்ளே உப்பும் பலூன்) இல்லாதது. தாய்க்கும் ஆயாவுக்கும் சக்ஷன் (மெஷினால் சளி உறிஞ்சி எடுப்பது) சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள்.

தொட்டிலுக்கு மேலே சுவரில் ஒட்ட ஒரு தாள் எழுத வேண்டும். கைக்குக் கை மாறி வந்த பழைய தாள் ஒன்று இருக்கிறது. அதில் உள்ளது இவ்வளவுதான்: சளிச் சத்தம் கேட்டால் சக்ஷன் போடவும். போடுமுன் ஒவ்வொரு முறையும் 1 மி.லி. சலைன் விடவும். 8 நம்பர் கதீட்டர். மூச்சுத் திணறினால் உடனே 108ஐக் கூப்பிட்டுக் காத்திருக்கவும்.

இதை அப்படியே எழுதலாமா? விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

#2 என்ஐசியு_அக்கா

எழுத வேண்டாம் சிஸ்டர். அந்தத் தாள் அப்படியே இந்தப் பிள்ளைக்குச் சரிப்படாது. கடைசி வரியிலிருந்து வருகிறேன், உயிர் போகும் இடம் அதுதான்.

டியூப் அடைத்துக்கொண்டால் இந்தப் பிள்ளைக்குக் கையில் இருப்பது ஓரிரு நிமிடம். ஏற்கெனவே நுரையீரல் நொந்த பிள்ளை என்பதால் ஆக்சிஜன் சேமிப்பு கிடையாது. சில விநாடிகளிலேயே சாச்சுரேஷன் (ரத்தத்தில் ஆக்சிஜன் அளவு) சரியத் தொடங்கும். ஆம்புலன்ஸ் எவ்வளவு வேகமாக வந்தாலும் அதற்குள் வராது. காரைக்குடியிலிருந்து மதுரைக்கும் திருச்சிக்கும் தலா 90 கி.மீ. போல. ஆகவே டியூபை மாற்றப்போவது வீட்டில் இருப்பவர்தான். "108ஐக் கூப்பிடவும்" என்பது தாளில் இருக்கட்டும். ஆனால் அது இரண்டாவது ஆளின் வேலை. முதல் ஆள் பிள்ளையை விட்டு நகரக் கூடாது.

இதனால்தான் கேட்கிறேன்: தாயும் ஆயாவும் சக்ஷன் மட்டும் கற்றார்களா, டியூப் மாற்றவும் கற்றார்களா? வீட்டுக்கு அனுப்புமுன் இரண்டு பேர் தனித்தனியாக, அந்தப் பிள்ளைக்கே, பக்கத்தில் ஆள் நிற்க, டியூப் மாற்றிக் காட்டியிருக்க வேண்டும். அது நடக்கவில்லை என்றால் டிஸ்சார்ஜைத் தள்ளிப்போடச் சொல்லிக் கேட்பது உங்கள் உரிமை, பிள்ளையின் உரிமை.

இனி கதீட்டரும் சக்ஷன் போடும் முறையும்.

கதீட்டர்: டியூபின் உள்விட்டத்தை இரண்டால் பெருக்கினால் வருவதுதான் நம்பர். 3.0 டியூபுக்கு 6 நம்பர். கதீட்டர் நம்பரை மூன்றால் வகுத்தால் அதன் பருமன் மி.மீட்டரில் வரும். 6 நம்பர் என்றால் 2 மி.மீ. 8 நம்பர் என்றால் கிட்டத்தட்ட 2.7 மி.மீ. மூன்று மி.மீ. துளைக்குள் 2.7 மி.மீ. குழாயை விட்டு உறிஞ்சினால், சுற்றிக் காற்று நுழைய இடமே இல்லை. சளியோடு நுரையீரலில் உள்ள காற்றையும் சேர்த்து இழுத்துவிடும். 5 நம்பர் போட்டால் கெட்டிச் சளி வராது.

இன்னொன்று: 6 நம்பர் கதீட்டர் கிடைக்காத கடைகளில் அதே நம்பர் இன்ஃபன்ட் ஃபீடிங் டியூபைக் கொடுப்பார்கள். அவசரத்துக்குப் பரவாயில்லை. ஆனால் அதில் கட்டைவிரலால் மூடும் துளை இல்லை. மெஷின் ஓடும்போது உள்ளே விட்டால் இறங்கும்போதே உறிஞ்சிக்கொண்டு போகும். மடக்கிப் பிடித்து உள்ளே விட்டு, பிறகு மடிப்பை விட்டு வெளியே எடுக்கத் தெரிந்திருக்க வேண்டும்.

ஆழம்: தாளில் இதுதான் பெரிய எழுத்தில் வேண்டும். அதே அளவு உதிரி டியூப் ஒன்றை எடுத்து, அதற்குள் கதீட்டரை விட்டு, நுனித் துளைகள் மட்டும் மறுமுனையில் எட்டிப் பார்க்கும் இடத்தில் நிறுத்துங்கள். கனெக்டரின் வாயில் கதீட்டரில் எந்தச் சென்டிமீட்டர் நிற்கிறதோ அதுதான் அளவு. அதை எழுதி ஒட்டுங்கள். 3.0 நியோ ஷைலியின் தண்டு நீளம் 30 மி.மீ., கனெக்டரின் உயரம் அதில் சேராது. அதனால் அட்டவணை பார்த்து எழுதாமல் அளந்தே எழுதுங்கள். தட்டும் வரை உள்ளே விட்டு எடுக்கும் பழக்கம் மூச்சுக்குழாய் பிரியும் இடத்தில் புண்ணாக்கும். சளியில் ரத்தக் கீற்று வருவதற்கு வீடுகளில் முதல் காரணம் இதுதான்.

உறிஞ்சும் அழுத்தம் 80 முதல் 100 மி.மீ. பாதரசம். ஒரு தடவை உள்ளே போய் வெளியே வர 5 விநாடி. கதீட்டரை விரலிடுக்கில் உருட்டிக்கொண்டே எடுக்க வேண்டும். துளைகள் எல்லாப் பக்கச் சுவரையும் தொடும்.

#3 மணிமுத்தாறு

நான் காது மூக்கு தொண்டைப் பிரிவு. அக்கா சொன்ன 6 நம்பர், அளந்த ஆழம் இரண்டையும் வழிமொழிகிறேன். சலைனைப் பற்றி நான் சொல்கிறேன்.

ஒவ்வொரு சக்ஷனுக்கும் முன்னால் சலைன் விடுவது பழைய வார்டு வழக்கம். சலைனும் சளியும் கலந்து இளகுவதில்லை. விட்டதில் ஒரு பங்குதான் திரும்பி வரும். மீதி, குழாய்க்குள் இருந்த கிருமியையும் அடித்துக்கொண்டு கீழே போகும். 3.6 கிலோ பிள்ளைக்கு 1 மி.லி. அதிகம். சளி கெட்டியாகி கதீட்டர் உரசிக்கொண்டு இறங்கும்போது மட்டும் 0.5 மி.லி. அதுவும் இருமலைத் தூண்டத்தான்.

சளி அடிக்கடி கெட்டியாகிறது என்றால் சலைனைக் கூட்டுவது தீர்வு ஆகாது, ஈரப்பதம் போதவில்லை என்று அர்த்தம். மூக்கு செய்யும் வேலை இந்தப் பிள்ளைக்கு நடப்பதில்லை. காற்று வறண்டபடியே உள்ளே போகிறது. பங்குனி, சித்திரையில் நம் பக்கத்துக் காற்று எப்படி இருக்கும் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஏசி போட்டால் இன்னும் வறளும்.

கணக்கு ஒன்று சொல்கிறேன், பெற்றோருக்கும் சொல்லுங்கள். குழாயின் ஆரம் குறையும்போது காற்றுக்கான தடை அதன் நான்காம் அடுக்கில் ஏறும். 3.0 டியூபின் உட்சுவரில் கால் மி.மீ. கனத்துக்குச் சளி காய்ந்து படிந்தால் துளை 2.5 ஆகிவிடும். தடை இரு மடங்கு. பார்த்தால் தெரியாத ஒரு படலம், அவ்வளவுதான். பெரியவர்களின் டியூபில் உள்குழாயைக் கழற்றிக் கழுவலாம். பிள்ளைகளின் டியூபில் இடம் இல்லாததால் உள்குழாயே கிடையாது. படிந்தால் முழு டியூபையும் மாற்றுவதுதான் வழி.

ஆகவே பகலில் எச்எம்இ (டியூப் வாயில் மாட்டி, மூச்சின் ஈரத்தைப் பிடித்துத் திருப்பித் தரும் ஃபில்டர்), சின்னப் பிள்ளைக்கான சிறிய அளவு, ஆக்சிஜன் குழாய் சொருக வாய் உள்ளது. 24 மணி நேரத்துக்கு ஒன்று. சளி தெறித்தால் உடனே மாற்ற வேண்டும். கழுவி மறுபடி போடக் கூடாது, நனைந்தால் அதுவே அடைப்பு. நெபுலைசரில் 0.9 சதவீத சலைன் 3 மி.லி., நாளுக்கு மூன்று நான்கு முறை. அப்போது எச்எம்இயைக் கழற்றிவிட வேண்டும்.

#4 கிராமச்செவிலி

நன்றி டாக்டர், நன்றி அக்கா. அவசரத்துக்கு எந்த வரிசையில் எழுதுவது? பழைய புத்தகங்களில் "டியூப் போகவில்லையென்றால் துளையை மூடிவிட்டு வாய் வழியாக மாஸ்க் வைத்துக் காற்று கொடு" என்று இருக்கிறது.

#5 மணிமுத்தாறு

இந்தப் பிள்ளைக்கு அந்த வரியை முதலாவதாக எழுதாதீர்கள். காரணம் சொல்கிறேன்.

இந்தச் சுருக்கத்துக்கு மையர், காட்டன் என்ற மருத்துவர்கள் 1994இல் வகுத்த அளவுகோலில் கிரேடு 1 என்பது 50 சதவீதம் வரை அடைப்பு, கிரேடு 2 என்பது 51 முதல் 70, கிரேடு 3 என்பது 71 முதல் 99, கிரேடு 4 என்றால் துளையே இல்லை. நுரையீரலுக்காக மட்டும் டிராக் போட்ட பிள்ளைக்கு மேல்வழி திறந்திருக்கும். வாய் வழியாகக் காற்று கொடுத்தால் போகும். கிரேடு 3இல் போகும் என்று நம்ப முடியாது. இவனுக்கு மூச்சு வழி கழுத்துத் துளை ஒன்றுதான். ஆகவே தாளின் தலையிலேயே எழுதுங்கள்: "மேல்வழி சுருங்கியுள்ளது. காற்று கழுத்து வழியாகவே கொடுக்கவும்." ஆம்புலன்ஸில் வருபவர், அவசரப் பிரிவில் இருப்பவர் எல்லோரும் முதலில் வாயில்தான் மாஸ்க் வைப்பார்கள். அவர்களுக்காகவும்தான் இந்த வரி.

வரிசை இது:

முதலில் எச்எம்இயைக் கழற்று. அடைப்பு அதிலேயே இருக்கலாம். பிறகு சக்ஷன் கதீட்டரை அளந்த ஆழத்துக்கு விட்டுப் பார். தாராளமாக இறங்கிச் சளி வந்து பிள்ளை தெளிந்தால் சரி. இறங்கவில்லை, அல்லது இறங்கியும் தெளியவில்லை என்றால் யோசிக்காமல் டியூபை எடுத்துவிட்டு அதே அளவு புது டியூபைப் போடு. அது நுழையவில்லையா, அரை அளவு சிறியது: 2.5. அதுவும் நுழையவில்லையா, 2.5 டியூபுக்குள் 5 நம்பர் கதீட்டரைக் கோத்து, கதீட்டர் நுனியை முதலில் துளைக்குள் விட்டு, அதன் மேலேயே டியூபைத் தள்ளு. அதுவும் முடியாவிட்டால் 0 அளவு வட்ட மாஸ்க்கைக் கழுத்துத் துளையின் மேல் அழுத்தி வைத்து அம்பு பேக்கால் (கையால் அமுக்கும் காற்றுப் பை) காற்று கொடு. இது எதுவும் பலிக்காதபோதுதான் துளையை விரலால் மூடிக்கொண்டு வாய் வழி. சுருங்கிய வழியில் கொஞ்சமாவது காற்று இறங்கலாம், சும்மா இருப்பதைவிட மேல்.

அசைவும் மூச்சும் இல்லையென்றால் மார்பை அழுத்த வேண்டும். தனி ஆளாக இருந்தால் 30 அழுத்தலுக்கு 2 மூச்சு, நிமிடத்துக்கு 100 முதல் 120 வேகம், ஆழம் சுமார் 4 செ.மீ. மூச்சு கழுத்து டியூப் வழியாக.

புது டியூப் போட்டபின் காற்று வருகிறதா என்று கன்னத்தை வைத்துப் பாருங்கள். கதீட்டர் இறங்காமல், மூச்சும் படாமல், கழுத்து உப்பத் தொடங்கினால் டியூப் மூச்சுக்குழாய்க்கு முன்னால் சதைக்குள் போய்விட்டது. அதன் வழியாக பேகை அமுக்கக் கூடாது. வெளியே எடுத்து மறுபடி போட வேண்டும்.

#6 பயோமெட்_காரைக்குடி

மெஷின் பக்கம் நான் சொல்கிறேன்.

சக்ஷன் மெஷின் ஒன்று பேட்டரியோடு, இன்னொன்று காலால் மிதித்து இயக்கும் கால்மிதி வகை. கால்மிதிக்குக் கரண்டும் வேண்டாம் சார்ஜும் வேண்டாம், பரணில் போடாமல் தொட்டிலுக்குக் கீழே இருக்கட்டும். அதுவும் கையில் இல்லாத நேரத்துக்கு 20 மி.லி. சிரிஞ்சில் கதீட்டரைச் சொருகி இழுக்கலாம். தினமும் காலையில் மெஷினைப் போட்டு, டியூபிங்கின் முனையைக் கட்டைவிரலால் அடைத்துக் கேஜைப் பாருங்கள். அடைத்த நிலையில்தான் 100க்கு வைக்க வேண்டும். திறந்திருக்கும்போது 100 காட்டும்படி வைத்தால் கதீட்டர் அடைபடும் நொடியில் அதற்கு மேல் எகிறும். அடைத்தும் ஏறவில்லையென்றால் பெரும்பாலும் ஜாடியின் மூடி ரப்பர் சரியாக உட்காரவில்லை, அல்லது ஃபில்டர் நனைந்துவிட்டது. ஜாடி முக்கால் நிறையுமுன் கொட்டுங்கள். நுரை ஃபில்டருக்குப் போனால் மெஷின் அன்றைக்கு அவ்வளவுதான்.

கரண்ட் கணக்கு. 5 லிட்டர் கான்சன்ட்ரேட்டர் (காற்றிலிருந்து ஆக்சிஜன் பிரிக்கும் மெஷின்) சுமார் 350 வாட் இழுக்கும். வீட்டில் 150 ஆம்பியர் அவர் பேட்டரி இருந்தால் ஏட்டுக் கணக்கில் 1800 வாட் அவர். நடைமுறையில் 1200 கிடைத்தால் பெரிது. மூன்றரை மணி நேரம் கூட ஓடாது, மின்விசிறியும் சேர்ந்தால் இன்னும் குறையும். மாதாந்திரப் பராமரிப்பு என்று காலை 9 மணிக்கு நிறுத்தினால் மாலை வரை வராது. ஆகவே அந்த நாளில் இன்வெர்ட்டரை சக்ஷனுக்கும் நெபுலைசருக்கும் விட்டுவிட்டு, ஆக்சிஜனுக்கு சிலிண்டருக்கு மாறுங்கள். பி டைப் சிலிண்டரில் சுமார் 1500 லிட்டர். நிமிடத்துக்கு அரை லிட்டர் வீதம் 3000 நிமிடம், அதாவது 50 மணி நேரம். ஒரு நாள் தாராளமாகப் போகும். சிலிண்டர் ஸ்பேனரை ஒரு நாடாவில் கட்டி சிலிண்டரிலேயே தொங்கவிடுங்கள். சிலிண்டர் இருந்து ஸ்பேனர் இல்லாத வீடுகள் நிறைய.

பல்ஸ் ஆக்சிமீட்டர் விரலில் மாட்டும் கிளிப் வகை வேண்டாம். இந்த வயதுப் பிள்ளைக்குப் பாதத்தைச் சுற்றி ஒட்டும் புரோப், அலாரத்தோடு.

#7 என்ஐசியு_அக்கா

தம்பி சொன்ன அலாரம் வசதிக்கானது இல்லை, கட்டாயம். ஏன் என்றால் இந்தப் பிள்ளை அழுதால் சத்தம் வராது. காற்று குரல்நாணுக்கு எட்டாமல் கழுத்திலேயே வெளியேறிவிடுகிறது. வாய் அழும், கண்ணீர் வரும், சத்தம் இருக்காது. முகப்பில் விருந்தாளி, வீட்டின் இரண்டாம் கட்டுக்குள் தொட்டில் என்று இருக்கிற நம் வீடுகளில் இது மிகப் பெரிய ஆபத்து. இரவில் ஒரு ஆள் விழித்திருக்க முடியாது, அலாரம் விழித்திருக்கும். சாச்சுரேஷனுக்கு மருத்துவமனை எழுதித் தந்த கீழ் எல்லையை வையுங்கள், பெரும்பாலும் 92 என்று தருவார்கள்.

இதன் மறுபக்கத்தையும் தாளில் எழுதுங்கள்: சத்தமே வராத பிள்ளை திடீரென்று குரல் கொடுத்து அழுதால் சந்தோஷப்பட வேண்டாம். முதலில் கழுத்தைப் பாருங்கள். டியூப் வெளியே வந்திருக்கலாம். கழுத்தைச் சுற்றிக் கட்டிய நாடாவுக்குள் ஃபிளாஞ்ச் (டியூபின் இறக்கை) அப்படியே இருக்கும், தண்டு மட்டும் துளைக்கு வெளியே தோலின் மேல் படுத்திருக்கும்.

நாடாவைப் பற்றி: பிள்ளையை மல்லாத்தித் தோளுக்கடியில் துணி வைத்துக் கழுத்தை நிமிர்த்திய நிலையிலேயே முடிச்சுப் போட்டுவிடுகிறார்கள். உட்கார வைத்ததும் தளர்ந்துவிடும். முடிச்சை இறுக்குமுன் தலையை முன்னால் குனிய வைத்து, நாடாவுக்கும் கழுத்துக்கும் நடுவே சுண்டுவிரல் ஒன்று மட்டும் நுழைகிறதா பாருங்கள். வெல்க்ரோ பட்டை மாற்ற எளிது, தோலுக்கும் நல்லது. ஆனால் ஈரமானால் பிடிப்பு போகும், ஆறு மாதத்துக்கு மேல் பிள்ளை பிய்த்துவிடும். என் வாக்கு பருத்தி நாடாவுக்குத்தான்.

#8 மணிமுத்தாறு

வெல்க்ரோ விஷயத்தில் எனக்குக் கொஞ்சம் வேறு கருத்து. குறைமாதப் பிள்ளைக்குக் கழுத்து குட்டை, மடிப்புக்குள் வியர்வையும் சளியும் தேங்கும். மெல்லிய நாடா அந்த மடிப்பில் அறுத்துப் புண்ணாக்கிய கழுத்துகளை வார்டில் அடிக்கடி பார்க்கிறோம். பகலில் ஆள் பக்கத்தில் இருக்கும்போது அகலமான வெல்க்ரோ, இரவில் நாடா என்று வைத்துக்கொள்ளலாம். எதுவானாலும் தினமும் மாற்ற வேண்டும், இரண்டு பேர் வேண்டும்: ஒருவர் ஃபிளாஞ்சைப் பிடித்தபடியே இருக்க வேண்டும், மற்றவர் கட்ட வேண்டும்.

துளையைச் சுற்றிக் கொதித்து ஆறிய நீரில் நனைத்த துணியால் உள்ளிருந்து வெளியே துடைத்து, ஈரம் ஒற்றி எடுங்கள். சாதாரண காஸை வீட்டுக் கத்தரியால் வெட்டி டியூபுக்கடியில் செருகாதீர்கள். வெட்டிய ஓரத்து நூல் மூச்சோடு உள்ளே போகும்.

வாராந்திர டியூப் மாற்றம்: பால் குடித்து இரண்டு மணி நேரமாவது கழித்து. புது டியூபில் அப்டுரேட்டர் (டியூபை நுழைக்க உள்ளே வைக்கும் வழிகாட்டித் தண்டு) போட்டு, நாடாவை ஒரு பக்கம் கோத்து, நீரில் கரையும் ஜெல்லி தடவித் தயார். 2.5 டியூபின் கவரையும் பிரித்து வைத்துவிடுங்கள், பிறகு பிரிக்கக் கை வராது. தோளுக்கடியில் சுருட்டிய துண்டு. சக்ஷன். நாடாவை வெட்டி, வளைவைத் தொடர்ந்து பழையதை எடுத்து, அதே வளைவில் புதியதை இறக்கி, அப்டுரேட்டரை அந்தக் கணமே உருவ வேண்டும். அது உள்ளே இருக்கும் வரை பிள்ளைக்கு மூச்சு இல்லை. வாசலின் தடவக் கூடாது.

எடுத்த பழைய டியூபைப் பகல் வெளிச்சத்தில் பிடித்து உள்ளே பாருங்கள். சுவரில் மஞ்சள் படலம் இருந்தால் ஈரப்பதம் போதவில்லை.

#9 பள்ளத்தூர்_ஆச்சி

எங்கள் வீட்டு வழக்கங்களில் எதை நிறுத்த வேண்டும் என்று ஆயாமாருக்குப் புரிகிற மாதிரி யாராவது சொல்லுங்களேன். காலில் போட்டு எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டுவது, சாம்பிராணி, விபூதி ஊதுவது, கறுப்புக் கயிறு, பிள்ளையார் நோன்பு, செவ்வாய்ப் பொங்கல். "வேண்டாம்" என்று மட்டும் சொன்னால் கேட்க மாட்டார்கள். காரணம் சொன்னால் கேட்பார்கள்.

#10 என்ஐசியு_அக்கா

ஆச்சி, இந்தக் கேள்வியை டிஸ்சார்ஜ் அன்று யாரும் கேட்பதில்லை. ஒவ்வொன்றாகச் சொல்கிறேன்.

குளியல்: காலில் போட்டுச் சொம்பால் ஊற்றுவது முடியாது. தண்ணீர் நேரே நுரையீரலுக்குப் போகும். பேசினில் இடுப்பளவு வெதுநீர், பிள்ளை சாய்ந்து உட்கார்ந்த நிலையில் ஒருவர் பிடிக்க, மற்றவர் துணியால் துடைத்துக் குளிப்பாட்டலாம். தலைக்குத் தனியாக, பின்னால் சாய்த்து, நெற்றியிலிருந்து பின்பக்கமாக. சக்ஷன் மெஷின் கை எட்டும் தூரத்தில். கை கால் முதுகுக்கு எண்ணெய் தேய்க்கலாம், ஆயா கைப்பக்குவம் பிள்ளைக்கு நல்லதுதான். கழுத்துக்கும் மார்பின் மேல்பக்கத்துக்கும் வேண்டாம், மூக்கில் சொட்டுவது கூடவே கூடாது. எண்ணெய் நுரையீரலில் இறங்கினால் வெளியே வராது, நிமோனியா ஆகும்.

சாம்பிராணி, விறகடுப்பு, பட்டாசு, ஹோமப் புகை: மூக்கில் உள்ள மயிரும் சவ்வும் வடிகட்டும் புகை, இந்தப் பிள்ளைக்கு வடிகட்டாமல் போகிறது. தலையைத் துணியால் துவட்டிக் காய வைத்தால் போதும். செவ்வாய்ப் பொங்கலுக்குத் தெருவெல்லாம் அடுப்பு எரியும்போது பிள்ளை உள்கட்டில் இருக்கட்டும்.

விபூதி: நெற்றியில் விரலால் ஈரமாகப் பூசுங்கள். ஊதக் கூடாது. பவுடரும் அப்படியே.

கறுப்புக் கயிறு, சங்கிலி: கழுத்தில் வேண்டாம். அவசரத்தில் நாடா என்று நினைத்துக் கயிற்றை வெட்டுவார்கள், அல்லது கயிறு ஃபிளாஞ்சில் மாட்டி இழுக்கும். இடுப்பிலோ காலிலோ கட்டுங்கள்.

இலவம்பஞ்சுத் தலையணை, மெத்தை: தையல் விட்ட இடத்திலிருந்து பஞ்சு பறக்கும். வேண்டாம்.

ஒட்டடை: பல மாதம் பூட்டிக் கிடந்து, விசேஷத்துக்குத் திறக்கிற வீடு என்றால் சுத்தம் செய்து முடித்து இரண்டு நாள் காற்றோடவிட்ட பிறகே பிள்ளையைக் கொண்டு போங்கள்.

#11 பயோமெட்_காரைக்குடி

பிள்ளையார் நோன்பைப் பற்றி நான் சேர்க்கிறேன் ஆச்சி. மாவில் வைத்த இழைத் திரியை ஏற்றிச் சுடரோடு வாயில் இட்டு இழை எடுத்துக்கொள்ளும்போது பிள்ளையை மடியில் வைத்திருப்பது வழக்கம். ஆக்சிஜன் ஓடிக்கொண்டிருக்கும் பிள்ளையை அப்படி வைத்திருக்கக் கூடாது. ஆக்சிஜன் தானாக எரியாது, ஆனால் அது ஊறிய துணியும் முடியும் குப்பென்று பற்றும். சுடருக்கும் ஆக்சிஜனுக்கும் இடையே குறைந்தது 3 மீட்டர் இருக்க வேண்டும். பிள்ளைக்கான இழையை வீட்டுப் பெரியவர் ஒருவர் எடுத்துக்கொள்ளட்டும், பிள்ளை அடுத்த அறையில் இருக்கட்டும். காமாட்சி விளக்குக்கும் இதே தூரம். சிலிண்டர் வாயிலும் ரெகுலேட்டரிலும் எண்ணெய்க் கை படக் கூடாது.

#12 பேச்சுப்பயிற்சி

உணவும் பேச்சும் இதுவரை வரவில்லை. மூக்கு வழி டியூபில் பால் போனாலும், நாளுக்குச் சில முறை உதட்டில் ஒரு சொட்டுப் பால், சப்ப ஒரு சூப்பான் என்று வாய்க்கு வேலை கொடுங்கள். முதல் வருடத்தில் வாய் பழகாமல் போனால் பிறகு கரண்டியைக் கண்டாலே ஓங்கரிக்கும். எப்போது எவ்வளவு வாயால் கொடுக்கலாம் என்பதை விழுங்கும் சோதனை செய்தவர்தான் சொல்ல வேண்டும். பால் கொடுத்தபின் சக்ஷனில் பால் நிறம் வந்தால் நிறுத்திவிட்டுத் தகவல் சொல்லுங்கள்.

பேசும் வால்வு கடையில் கிடைக்கிறது என்று வாங்கி மாட்டிவிடாதீர்கள். அது மூச்சை உள்ளே மட்டும் விடும்; வெளியேற மேல்வழி திறந்திருக்க வேண்டும். கிரேடு 3 பிள்ளைக்கு அது மூச்சை அடைக்கும் மூடி. இப்போதைக்கு முகம் பார்த்துப் பேசுங்கள், பாட்டுப் பாடுங்கள், கையசைவு காட்டுங்கள். மாவட்ட ஆரம்பநிலை இடையீட்டு மையத்தில் பதிந்து, காது கேட்கும் சோதனையும் விழித்திரைச் சோதனையும் முடிந்ததா என்று கேளுங்கள்.

#13 கிராமச்செவிலி

தடுப்பூசி என் வேலை, அதைப் பார்த்துக்கொள்கிறேன். பிறந்த தேதிக் கணக்கில்தான், குறைமாதம் என்று தள்ளிப்போடுவதில்லை. பெண்டாவும் நிமோகாக்கலும் எந்த அளவில் நிற்கின்றன என்று அட்டை பார்த்ததும் தெரியும். 6 மாதம் முடிந்ததும் ஃபுளூ ஊசி கேட்டு வாங்கச் சொல்கிறேன், வீட்டுப் பெரியவர்களுக்கும்.

இரண்டு கேள்வி மிச்சம். பெற்றோர் முதலில் கேட்பது "எப்போது எடுப்பீர்கள்" என்பதுதான். இரண்டாவது, குன்றக்குடியில் முடியிறக்க வேண்டுதல் இருக்கிறது.

#14 மணிமுத்தாறு

முதல் கேள்விக்குத் தேதி சொல்ல முடியாது, நிபந்தனை சொல்லலாம். ஆக்சிஜன் நின்றிருக்க வேண்டும். எடை ஏற வேண்டும். மயக்கம் கொடுத்து ஸ்கோப்பில் (மூச்சு வழிக்குள் விட்டுப் பார்க்கும் கருவி) பார்த்தால் சுருக்கம் விரிந்திருக்க வேண்டும். இல்லையென்றால் பலூன் வைத்து விரிப்பதும், அதற்கும் மசியாவிட்டால் விலாக் குருத்தெலும்பை எடுத்து, சுருங்கிய இடத்தில் உள்ள கிரிக்காய்டு குருத்தெலும்பு வளையத்தைப் பெரிதாக்கும் அறுவையும் இருக்கின்றன. குறைமாதப் பிள்ளைக்கு டிராக் போடாமலே கிரிக்காய்டு வளையத்தை முன்பக்கம் பிளந்து வழி விரிக்கலாம் என்று காட்டன், சீட் என்ற மருத்துவர்கள் 1980இல் காட்டினார்கள். அதற்கு நுரையீரல் ஓரளவு நன்றாக இருக்க வேண்டும் என்பதால் எல்லோருக்கும் பொருந்துவதில்லை. துளைக்கு மேலே உள்ளே சதை வளர்ந்திருப்பது டியூபை எடுக்கவிடாத இன்னொரு காரணம், ஸ்கோப்பில் அதையும் பார்த்து எடுத்துவிடுவோம். டியூபை எடுப்பது மருத்துவமனையில்தான், எடுத்தபின் 24 முதல் 48 மணி நேரம் கண்காணிப்பு. ஒரு வருடத்துக்கு மேல் டியூப் இருந்த பிள்ளைகளுக்குத் துளை தானாக மூடாமல் போவது உண்டு, அதற்குத் தனியாகத் தையல் வேண்டியிருக்கும்.

முடியிறக்குவது பற்றி: வெட்டிய முடித்துணுக்கு துளைக்குள் போனால் எடுப்பது கடினம். ஸ்கோப் வரை கொண்டுபோய்விடும். டியூப் எடுத்துத் துளை மூடியபின் செய்வதே நல்லது. காத்திருக்கவே மாட்டோம் என்றால் வீட்டிலேயே, எச்எம்இ மாட்டி, கழுத்தைச் சுற்றி ஈரத்துணி கட்டி, மெஷினால் மழிக்காமல் தலையை நன்றாக நனைத்துக் கத்தியால், பின்னந்தலையிலிருந்து தொடங்கி, ஒரு ஆள் டியூபை மட்டும் பார்த்துக்கொண்டு.

#15 என்ஐசியு_அக்கா

வேண்டுதலுக்குப் போனாலும் ஊசிக்குப் போனாலும் பிள்ளையோடு ஒரு பை போக வேண்டும். 3.0 டியூப் ஒன்று, 2.5 ஒன்று, நாடா கோத்தபடி. முனை மழுங்கிய கத்தரி, ஜெல்லி, 6 நம்பர் கதீட்டர் பத்து, 5 நம்பர் இரண்டு, சலைன் ஆம்பியூல், எச்எம்இ நான்கு, 500 மி.லி. அம்பு பேக், 0 மாஸ்க், கால்மிதி சக்ஷன், டார்ச், சுருட்டிய துண்டு. வண்டியில் தாய் பின்சீட்டில் பிள்ளையின் முகம் தெரியும்படி. ஓட்டுபவரைத் தவிர டியூப் மாற்றத் தெரிந்த ஒருவர் கட்டாயம். பையிலிருந்து ஒன்றை எடுத்தால் அன்றிரவே திரும்ப வைக்க வேண்டும். திங்கட்கிழமைதோறும் நீங்கள் வீட்டுக்குப் போகும்போது பையைக் கொட்டி எண்ணிப் பாருங்கள் சிஸ்டர், 2.5 டியூப்தான் முதலில் காணாமல் போகும்.